வாத்தியாரின் பிரம்பு

1966 அக்டோபர் 22. தார் எஸ் சலாமில் பல்கலைக்கழகக் கல்லூரி மாணவர்கள் சில நூறு பேர் ஊர்வலமாக ஜனாதிபதி மாளிகைக்குப் போகிறார்கள். படித்து முடித்தவர்கள் குறைந்த ஊதியத்தில் கட்டாயமாக தேசிய சேவை செய்ய வேண்டும் என்று அரசு அறிவித்திருந்தது. மாணவர்களுக்கு அது பிடிக்கவில்லை. காலனியாட்சியே மேல் என்கிற பொருளில் ஒரு பதாகையும் அந்தக் கூட்டத்தில் இருந்தது. சுதந்திரம் கிடைத்து ஐந்து வருடம்கூட முழுசாக ஆகவில்லை.

ஜூலியஸ் நைரேரே அவர்கள் சொன்னதைக் கேட்டார். பிறகு கொதித்துப் போனார். ஏழை விவசாயியின் வரிப்பணத்தில் படித்துவிட்டு அவனுக்காக இரண்டு வருடம் கொடுக்க மனசில்லையா என்று கேட்டார். சம்பளம்தான் பிரச்சினை என்றால் என் சம்பளமும் அதிகம்தான் என்று சொல்லி, அங்கேயே தன் சம்பளத்தில் 20 சதவீதத்தைக் குறைத்துக்கொண்டார். அதே மூச்சில், எதிர்ப்புத் தெரிவித்த சுமார் 400 மாணவர்களையும் கல்லூரியிலிருந்து வெளியேற்றி ஊருக்கு அனுப்பினார். பலர் பின்னால் திரும்பச் சேர்க்கப்பட்டார்கள் என்பது வேறு விஷயம்.

இந்தக் காட்சியை நான் பல முறை மனதில் ஓட்டிப் பார்த்திருக்கிறேன். தன் சம்பளத்தைத் தானே வெட்டிக்கொள்ளும் ஆட்சியாளரை நம்மில் யார் பார்த்திருக்கிறோம்? அவரை எனக்குப் பிடித்துப்போகிறது. ஆனால் அதே நிமிடத்தில், 'வேண்டாம்' என்று சொல்ல வந்தவர்களை அவர் வீட்டுக்கு அனுப்புகிறார். இரண்டும் ஒரே மனிதர், ஒரே நாள், ஒரே கோபம். இந்தக் கட்டுரை அந்தக் கோபத்தைப் பற்றியது. இன்னும் சரியாகக் கேட்டால்: ஒருவருக்கு எது நல்லது என்று நமக்கு நிஜமாகவே தெரியும்போது, அதை அவர் மேல் திணிக்கலாமா?

*

நைரேரே 1922இல் விக்டோரியா ஏரிக்கு அருகே புட்டியாமா என்னும் ஊரில், சனாக்கி என்னும் சின்ன இனக்குழுவின் தலைவர் ஒருவருக்கு மகனாகப் பிறந்தார். பள்ளிக்கூடத்துக்குப் போனதே பன்னிரண்டு வயது வாக்கில்தான். அதன்பின் டபோரா, கம்பாலாவில் மேக்கரேரே கல்லூரி, கடைசியாக எடின்பரோ பல்கலைக்கழகம். 1952இல் முதுகலைப் பட்டத்தோடு திரும்பி வந்து புகு என்னும் இடத்தில் ஒரு கத்தோலிக்கப் பள்ளியில் ஆசிரியர் ஆனார். 1954இல் டானு கட்சியைத் தொடங்கினார். வேலையா, கட்சியா என்ற நிலை வந்தபோது வேலையை விட்டார். ஆனாலும் 'ம்வாலிமு' என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. சுவாஹிலியில் ஆசிரியர் என்று அர்த்தம். கடைசிவரை அவர் மக்களுக்கு ம்வாலிமுதான். நம் ஊரில் வாத்தியார் என்றால் சினிமா ஞாபகம் வரும். அவர் நிஜமான வாத்தியார்.

1961 டிசம்பர் 9 அன்று தங்கனீக்கா சுதந்திரம் அடைந்தது. ரத்தம் சிந்தவில்லை. ஆறே வாரத்தில், 1962 ஜனவரியில், பிரதமர் நைரேரே பதவியை ராஜினாமா செய்தார். பதவியில் இருந்தால் மக்களிடமிருந்து விலகிப்போய்விடுவேன், கட்சியைக் கிராமம் வரை கொண்டுபோக வேண்டும் என்று கிளம்பிவிட்டார். அந்த வருட இறுதியில்தான் ஜனாதிபதியாகத் திரும்பி வந்தார். இடைவெளியிலும் அதன் பிறகும் ஷேக்ஸ்பியரின் ஜூலியஸ் சீசரை சுவாஹிலிக்கு மொழிபெயர்த்தார். அது 1963இல் வெளிவந்தது. அதிகாரத்துக்கு வந்த ஒரு நல்லவன் என்ன ஆவான் என்று நண்பர்களே பயந்து கத்தி எடுக்கும் நாடகம் அது. தன் பெயரையே தலைப்பாகக் கொண்ட அதை ஏன் தேர்ந்தெடுத்தார் என்று யோசிப்பதுண்டு.

1964இல் தங்கனீக்காவும் சான்சிபாரும் சேர்ந்து தான்சானியா ஆனது. 1967 பிப்ரவரி 5 அன்று அருஷா பிரகடனம் வந்தது. வங்கிகளும் பெரிய நிறுவனங்களும் அரசுடைமை ஆயின. கட்சித் தலைவர்களும் அரசு அதிகாரிகளும் பங்குகள் வைத்திருக்கக் கூடாது, வீடு வாடகைக்கு விடக் கூடாது, இரண்டு சம்பளம் வாங்கக் கூடாது என்று விதி வந்தது. இந்த விதியை எழுதியவர் அதன்படி வாழவும் செய்தார்.

இந்தப் பட்டியலை நான் வேண்டுமென்றேதான் கொடுக்கிறேன். அடுத்து வருவது ஒரு மோசமான மனிதரின் கதை என்று யாரும் நினைத்துவிடக் கூடாது.

*

அந்த நாட்டு விவசாயிகளில் பெரும்பாலோர் நாம் பழகிய மாதிரியான கிராமங்களில் வாழவில்லை. தங்கள் நிலத்தின் நடுவே, ஒன்றுக்கொன்று தூரமாய், சிதறிய வீடுகளில் இருந்தார்கள். அப்படிச் சிதறிக் கிடப்பவர்களுக்குப் பள்ளிக்கூடம் எங்கே கட்டுவது? குடிநீர்க் குழாய் எத்தனை பேருக்குப் போடுவது? மருந்தகத்தை எந்தக் காட்டில் வைப்பது? ஆகவே எல்லோரும் கிராமங்களாகக் கூடி வாழ வேண்டும், கொஞ்சம் நிலத்தையாவது சேர்ந்து உழ வேண்டும். கூட்டுக்குடும்பத்தின் பகிர்வை ஒரு தேசத்துக்கே விரிப்பது. இதற்கு அவர் வைத்த பெயர் உஜமா, அதாவது குடும்பத்தன்மை. ஒரு பொறியாளனாக இதைப் படிக்கும்போது எனக்கு ஒரு ஓட்டையும் தெரியவில்லை. சுத்தமான டிசைன்.

அதோடு, கட்டாயத்தின் ஆபத்து அவருக்குத் தெரியாமலும் இல்லை. 1968இல் அவர் எழுதிய ஒரு கட்டுரையின் மையமே இதுதான்: மக்களை யாரும் முன்னேற்றிவிட முடியாது, அவர்கள்தான் தங்களை முன்னேற்றிக்கொள்ள முடியும். ஒருவனுக்கு வெளியாள் வீடு கட்டிக் கொடுத்துவிடலாம், தன்மானத்தைக் கட்டிக் கொடுக்க முடியாது. உஜமா கிராமத்துக்கு யாரையும் வலுக்கட்டாயமாகக் கொண்டுவர முடியாது என்றும் அதே காலத்தில் சொன்னார்.

தெற்கே ருவுமா பகுதியில் இதற்கு உயிருள்ள உதாரணமும் இருந்தது. லிடோவா என்னும் ஊரில் சில இளைஞர்கள் 1960 வாக்கில் தாங்களாகவே கூடிப் பயிர் செய்யத் தொடங்கினார்கள். பக்கத்து ஊர்களும் சேர்ந்தன. சொந்தப் பள்ளி, சொந்த மாவு மில், தங்களுக்குள் கூடிப் பேசி எடுத்த முடிவுகள். நைரேரே தன் கனவை அங்கே நேரில் பார்த்தார், மனம்விட்டுப் பாராட்டினார். ஆனால் கட்சி அதிகாரிகளின் சொல்லுக்கு அவர்கள் கட்டுப்படவில்லை. 1969 செப்டம்பரில் கட்சியின் மத்தியக் குழு அந்தச் சங்கத்தைக் கலைத்தது. நைரேரே தடுக்கவில்லை. தானாக முளைத்த ஒரே செடியைத் தோட்டக்காரர்களே பிடுங்கினார்கள். அதற்குப் பிறகு நாடு முழுக்க நட ஆரம்பித்தார்கள்.

1971இல் டொடோமா, 1972இல் கிகோமா என்று பகுதி பகுதியாக இடமாற்றம் நடந்தது. 1973 நவம்பரில், கிராமங்களில் வாழ்வது இனி விருப்பம் இல்லை, உத்தரவு என்று நைரேரே அறிவித்தார். கெடு 1976 இறுதி. ஐந்தே வருடத்தில் 'முடியாது' என்பது 'உத்தரவு' ஆகிவிட்டது.

அதிகாரிகள் போட்டி போட்டுக்கொண்டு முடித்தார்கள். லாரிகளில் ஆட்களை ஏற்றினார்கள். திரும்பி வராமலிருக்க, பல இடங்களில் பழைய வீடுகளை இடித்தார்கள், எரித்தார்கள். கிராமங்கள் சாலையோரமாக நேர்க்கோட்டில் அமைந்தன. வாகனத்தில் வரும் அதிகாரிக்குப் பார்க்க வசதி. விவசாயிக்கோ வயல் தூரமாகிவிட்டது. ரூஃபிஜி ஆற்றங்கரையில் வெள்ளம் வடிந்த வண்டலில் பயிர் வைத்துப் பழகியவர்களை, வெள்ளத்திலிருந்து காப்பாற்றுகிறோம் என்று மேட்டு மணலுக்கு ஏற்றினார்கள். எந்த மண்ணில் எதை எப்போது விதைப்பது என்ற தலைமுறை அறிவு இடம் மாறியதும் செல்லாக்காசானது.

1977 கணக்குப்படி சுமார் 1.3 கோடிப் பேர் 7,000க்கும் மேற்பட்ட கிராமங்களில் இருந்தார்கள். ஏற்கெனவே இருந்த பல ஊர்களும் இதில் கணக்கு காட்டப்பட்டன. நிஜமாக இடம்பெயர்ந்தவர்கள் குறைந்தது 50 லட்சம் என்கிறார்கள். இதற்கிடையே 1974, 75இல் நாடு பெருமளவு தானியம் இறக்குமதி செய்ய வேண்டியிருந்தது. வறட்சியும் எண்ணெய் விலையேற்றமும் அதற்குக் காரணம், நியாயமாகச் சொல்ல வேண்டும். ஆனால் விதைக்கும் பருவத்தில் விவசாயியை லாரியில் ஏற்றியதும் ஒரு காரணம்.

இதற்கு முன்பே நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். இரிங்கா பகுதியின் இஸ்மானியில் சயீத் ம்வாம்விண்டி என்றொரு வசதியான விவசாயி இருந்தார். 1971 கிறிஸ்துமஸ் அன்று, உஜமாவைத் தீவிரமாக நடைமுறைப்படுத்திவந்த பிராந்திய ஆணையர் வில்பர்ட் க்ளெர்ரூ அவருடைய நிலத்துக்கு வந்தார். வாக்குவாதம் முற்றியது. ம்வாம்விண்டி அவரைச் சுட்டுக் கொன்றார். பிறகு உடலை ஆணையரின் காரிலேயே ஏற்றி, தானே ஓட்டிக்கொண்டு போய்க் காவல் நிலையத்தில் ஒப்படைத்தார். அவருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது, தூக்கிலிடப்பட்டார். கொலைக்கு நான் நியாயம் கற்பிக்கவில்லை. ஆனால் தப்பி ஓடாமல் காவல் நிலையத்துக்கு வண்டியைத் திருப்பிய ஒருவர் ஏதோ சொல்ல முயன்றிருக்கிறார். அதைச் சொல்ல அவருக்கு வேறு இடம் இருந்ததா என்பதுதான் என் கேள்வி.

*

நைரேரே மேக்கரேரே நாட்களிலேயே ஜான் ஸ்டூவர்ட் மில்லைப் படித்தவர். 1859இல் வந்த மில்லின் சுதந்திரம் பற்றிய நூலின் அடிப்படை எளிமையானது: ஒருவனைக் கட்டாயப்படுத்த, அவனுடைய சொந்த நன்மை என்பது போதுமான காரணம் ஆகாது. பிறருக்குத் தீங்கு வருவதைத் தடுக்க மட்டுமே கட்டாயம் செல்லும். ஆனால் மில் ஒரு விதிவிலக்கும் வைத்தார். குழந்தைகளுக்கு இது பொருந்தாது. 'பின்தங்கிய' சமூகங்களுக்கும் பொருந்தாது, அவர்களை முன்னேற்றும் நோக்கம் இருந்தால் சர்வாதிகாரமும் முறையானதே என்றார். மில் முப்பத்தைந்து வருடம் கிழக்கிந்தியக் கம்பெனியில் வேலை பார்த்தவர். அந்த விதிவிலக்கில் அடங்கியவர்கள் யார் என்று நமக்குத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

காலனியாட்சி நின்றதே அந்த விதிவிலக்கின் மேல்தான். தங்கனீக்காவிலும் அதைச் செய்து பார்த்தார்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பின் பிரிட்டன் அங்கே பிரம்மாண்டமான நிலக்கடலைத் திட்டம் ஒன்றைத் தொடங்கியது. கொங்வாவின் களிமண் வெயிலில் கல்லாய் இறுகும் என்பது உள்ளூர்க்காரர்களுக்குத் தெரியும். யாரும் அவர்களைக் கேட்கவில்லை. 1951இல் கோடிக்கணக்கான பவுண்டுகளைத் தலைமுழுகிவிட்டுத் திட்டத்தைக் கைவிட்டார்கள். இதையெல்லாம் கண்ணால் பார்த்த தலைமுறையின் தலைவர்தான் நைரேரே.

அப்படியிருந்தும் அவர் எப்படி அதே இடத்துக்கு வந்தார்? ம்வாலிமு என்ற சொல்லிலேயே பதில் இருப்பதாக எனக்குத் தோணுகிறது. ஆசிரியரின் அன்பில் ஓர் ஏற்றத்தாழ்வு உண்டு. இவனுக்குப் பின்னால் புரியும், இப்போது செய்யட்டும். 'அடி உதவுற மாதிரி அண்ணன் தம்பி உதவ மாட்டான்' என்று நாமே பழமொழி வைத்திருக்கிறோமே. பிரம்பை எடுக்கும் எந்த வாத்தியாரும் தன்னைக் கொடுங்கோலனாக நினைப்பதில்லை. வகுப்பறையில் இதற்கு ஒரு முடிவாவது உண்டு. பையன் வளர்ந்து, பள்ளியை விட்டு வெளியே போய்விடுவான். நாட்டை வகுப்பறை ஆக்கினால் வெளியே போக வாசல் கிடையாது. மில்லின் விதிவிலக்கிலிருந்து தன் மக்களை மீட்டெடுத்தவர், அறியாமலே அவர்களைத் திரும்பவும் அதற்குள் உட்காரவைத்தார்.

*

எனக்கு ஏன் இதில் இவ்வளவு அக்கறை என்று கேட்கலாம். சில வருடங்களுக்கு முன்பு நான் வேலை பார்த்த ஒரு நிறுவனத்தில், கிடங்குகளில் சரக்கு பதிவு செய்யும் மென்பொருளைப் புதிதாக எழுதினோம். டிசைன் என்னுடையது. பழையது கறுப்புத் திரை, பச்சை எழுத்து. புதியது அழகு. கூடவே பிழை குறையும், திருட்டு குறையும், எடை தூக்குகிறவர்களின் வேலை நேரமும் ஒழுங்காகப் பதிவாகும். அவர்கள் நன்மைக்காகவும்தான் செய்தேன், பொய்யில்லை. முதலில் விருப்பப்பட்டவர்கள் மாறலாம் என்று விட்டோம். மூன்று மாதத்தில் பத்தில் ஒருவர்கூட மாறவில்லை. ஒரு வெள்ளிக்கிழமை இரவு பழைய திரையை நிறுத்திவிட்டேன்.

திங்கட்கிழமை ஒரு கிடங்கிலிருந்து போன். இருபது வருடமாக அங்கே இருப்பவர், ஐம்பதைத் தாண்டியவர்.

"சார், பழசுல மூணு கீ தட்டினா முடிஞ்சிரும். இப்ப மௌஸைப் புடிச்சுத் தேடுறதுக்குள்ள லாரிக்காரன் ஹார்ன் அடிச்சுக் கொல்றான்."

"ரெண்டு வாரத்துல பழகிடும்ணே," என்றேன்.

பழகிவிட்டது என்றுதான் நினைத்தேன். இரண்டே வாரத்தில் வரைபடம் எல்லாம் பச்சை. நூறு சதவீதம் மாற்றம். எனக்குப் பாராட்டும் கிடைத்தது. ஆறு மாதம் கழித்து அந்தக் கிடங்குக்கு நேரில் போனபோதுதான் பார்த்தேன். எல்லோரும் பகல் முழுக்க நீள நோட்டில் எழுதுகிறார்கள். ஷிப்ட் முடிந்த பிறகு, ஒரு மணி நேரம் கூடுதலாக உட்கார்ந்து, அதையெல்லாம் என்னுடைய அழகான திரையில் ஏற்றுகிறார்கள். அந்த ஒரு மணி நேரத்துக்குச் சம்பளம் கிடையாது. ஆறு மாதம். யாருமே சொல்லவில்லை.

"ஏண்ணே சொல்லல?" என்று கேட்டேன்.

"சொன்னேனே சார்," என்றார்.

உடைந்த வீடும் கூடுதல் ஒரு மணி நேரமும் ஒன்று என்று சொல்லும் அளவுக்கு எனக்கு அறிவு மழுங்கவில்லை. ஆனால் 7,000 கிராமங்கள் என்ற எண்ணைப் படித்தபோது எனக்கு என் பச்சை வரைபடம்தான் கண்முன் வந்தது.

*

இதற்கு ஒரு வலுவான மறுப்பு உண்டு. கட்டாயமே தப்பு என்றால் கட்டாயக் கல்வி? தடுப்பூசி? ஹெல்மெட்? நைரேரேயின் காலத்தில் ஆரம்பக் கல்வி நாடு முழுக்கப் பரவியது. எழுதப் படிக்கத் தெரிந்தவர்களின் எண்ணிக்கை பல மடங்கு ஏறியது. 120க்கும் மேற்பட்ட இனக்குழுக்கள் உள்ள நாடு சுவாஹிலி என்ற ஒரு பொதுமொழியில் தன்னைக் கண்டுகொண்டது. சுற்றிலும் ருவாண்டா, புருண்டி, உகாண்டா என்று ரத்தம் ஓடியபோது அங்கே இனக்கலவரம் வெடிக்கவில்லை. 1978இல் இடி அமீன் படையெடுத்தபோது, திருப்பி அடித்து அடுத்த வருடம் அவரைத் துரத்தியதும் இதே ஏழை நாடுதான். கொஞ்சம் அழுத்தம் கொடுக்காமல் இதெல்லாம் நடந்திருக்குமா?

எனக்கும் இதற்கு முழுப் பதில் இல்லை. ஆனால் ஒன்று தெரிகிறது. கட்டாயப்படுத்தியதா இல்லையா என்பதைவிட, தப்பானால் அந்தச் செய்தி மேலே வந்து சேர வழி இருந்ததா என்பதுதான் முக்கியம். நைரேரேயின் ஆட்சியில் அந்த வழிகள் ஒவ்வொன்றாக அடைந்தன. 1962இல் விசாரணையில்லாமல் சிறைவைக்கும் சட்டம். 1965இல் ஒரே கட்சி. 1969இல் ருவுமா. 1972இல் தேர்ந்தெடுக்கப்பட்ட உள்ளாட்சி மன்றங்கள் போயின. 1976இல் விவசாயிகளின் கூட்டுறவு சங்கங்கள் போயின. ஒவ்வொன்றுக்கும் ஒரு நல்ல காரணம் இருந்தது. எல்லாம் முடிந்தபோது மிச்சமிருந்த காதுகள் எல்லாம் அதிகாரிகளுடையவை, அவர்கள் எண்களைத்தான் சொன்னார்கள்.

இங்கேதான் அவருடைய நேர்மையே எதிராக வேலை செய்தது என்று நினைக்கிறேன். ஆள்பவன் திருடன் என்றால் எதிர்ப்பது சுலபம், உனக்கென்ன லாபம் என்று கேட்டுவிடலாம். தன் சம்பளத்தையே வெட்டிக்கொண்டவரிடம் என்னவென்று கேட்பது? அவரிடம் 'முடியாது' என்றால் நாம்தான் சுயநலக்காரர்கள் போல ஆகிவிடுகிறோம். அந்த மாணவர்கள் அப்படித்தான் ஆனார்கள். அவர்கள் கோரிக்கை சுயநலமாகவே இருந்திருக்கலாம். ஆனால் நல்லவர் முன்னால் வாய் திறந்தால் என்ன ஆகும் என்பதை அன்று ஊரே பார்த்தது.

*

ஒரு விஷயத்தில் அவர் தன்னைப் போன்ற பலரிடமிருந்து வேறுபட்டார். அருஷா பிரகடனத்துக்குப் பத்து வருடம் கழித்து, 1977இல், என்னென்ன நடக்கவில்லை, எங்கெங்கே தவறினோம் என்று அவரே அறிக்கை எழுதினார். கூட்டுப் பயிர் எடுபடவில்லை என்று தெரிந்ததும் அதை ரத்தக்களரி ஆக்காமல் விட்டுவிட்டார். ஸ்டாலினின் உக்ரைனோடு ஒப்பிட்டால் இது சின்ன வித்தியாசம் இல்லை. 1984இல் ஒரு நேர்காணலில், திரும்பத் தொடங்கினால் எதைச் செய்ய மாட்டீர்கள் என்பதுபோன்ற பேச்சு வந்தபோது, இரண்டைச் சொன்னார்: உள்ளாட்சியை ஒழித்தது, கூட்டுறவு சங்கங்களைக் கலைத்தது. பொறுமையில்லாமல், விஷயம் தெரியாமல் செய்துவிட்டோம் என்றார். அடுத்த வருடம், யாரும் விரட்டாமலே, ஜனாதிபதி பதவியைவிட்டு இறங்கிப் பிறகு புட்டியாமாவுக்குப் போய் விவசாயம் பார்த்தார்.

அவர் சொன்ன அந்த இரண்டையும் கவனியுங்கள். வீடுகள் இடிந்ததை அவர் முதலில் சொல்லவில்லை. இரண்டுமே, மக்கள் அவரிடம் 'இல்லை' என்று சொல்லியிருக்கக்கூடிய இடங்கள். தன் தவறு எங்கே தொடங்கியது என்று அவருக்குத் துல்லியமாகப் புரிந்திருக்கிறது. அந்தப் புரிதல் வந்து சேர எடுத்த காலத்தில் ஒரு தலைமுறை விவசாயிகளின் வாழ்க்கை கழிந்துவிட்டது. ஒப்புக்கொள்வது பெரிய குணம். ஆனால் அது ஒப்புக்கொள்பவரின் கணக்கில்தான் வரவாகிறது, லாரியில் ஏற்றப்பட்டவரின் கணக்கில் வருவதில்லை.

1999 அக்டோபர் 14 அன்று லண்டன் மருத்துவமனையில் ரத்தப் புற்றுநோயால் இறந்தார். 2005இல் கத்தோலிக்கத் திருச்சபை அவரைப் புனிதராக அறிவிப்பதற்கான நடைமுறையைத் தொடங்கியது. அவர் நல்லவரா என்பது அவர்களுடைய கேள்வி. நல்லவர் என்றுதான் நானும் சொல்வேன். நான் கேட்க விரும்புவது வேறு: அவ்வளவு நல்லவரின் நாட்டில், இஸ்மானி விவசாயி ஒருவர் தன் புகாரை எந்த வாசலில் கொண்டுபோய்க் கொடுத்திருக்க முடியும்?

அந்தக் கிடங்கில் பழைய கறுப்புத் திரையைத் திரும்பக் கொடுத்தோம். மேலதிகாரிகளிடம் அது என் தோல்வியாகத்தான் பதிவானது. புதியதில் மூன்று கீ தட்டும் வழியைச் சேர்த்த பிறகு பலர் தாங்களாகவே மாறினார்கள். நான் அந்த வேலையை விடும்வரை நான்கு பேர் மட்டும் மாறவேயில்லை. போனில் பேசிய அண்ணன் அதில் ஒருவர். கடைசி நாள் விடைபெறப் போனபோது ஏன் என்று கேட்க வாய் வரை வந்தது. கேட்கவில்லை. அவர் பச்சை எழுத்துகளில் ஏதோ தட்டிக்கொண்டிருந்தார், வெளியே லாரி கிளம்பிப் போய்க்கொண்டிருந்தது.